உலகம் அடங்கட்டும் என்றாயே

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் கிடைத்தது. உன் மகள் கல்லூரிக்குப் போகிறாள் என்று படித்ததும் நமக்கு வயதாகிவிட்டதே என்றுதான் முதலில் தோன்றியது. இங்கே எல்லோரும் நலம். அம்மாவுக்கு முழங்கால் வலி குறைந்திருக்கிறது, எனக்கு ஆரம்பித்திருக்கிறது.

சரி, நீ கேட்டதற்கு வருகிறேன். உலகம் கொஞ்சம் அடங்கட்டும், அப்புறம் வீடு வாங்கலாம் என்று எழுதியிருக்கிறாய். அது எப்போது அடங்கியிருக்கிறது? 2020 ஏப்ரலில், ஊரடங்கில் எண்ணெயை வாங்க ஆளில்லாமல், அமெரிக்க முன்பேரச் சந்தையில் (பின்னால் வரப்போகும் சரக்குக்கு இன்றே விலை பேசும் இடம்) கச்சா எண்ணெய் விலை பூஜ்யத்துக்கும் கீழே போனது. இரண்டு வருடம்கூட ஆகவில்லை, உக்ரைன் போர் தொடங்கியது, பீப்பாய் 100 டாலரைத் தாண்டிவிட்டது. எண்ணெய் வியாபாரத்திலேயே ஊறியவர்களுக்கே பிடிபடாததை, ராத்திரி படுத்துக்கொண்டு செய்தி பார்த்து நீயா கண்டுபிடிக்கப்போகிறாய்?

வட்டியும் அப்படித்தான். 2022 தொடக்கத்தில் பூஜ்யத்தை ஒட்டியிருந்த அமெரிக்க மத்திய வங்கியின் வட்டி, அடுத்த ஆண்டு ஜூலையில் 5 சதவீதத்துக்கு மேல். அதனால் வட்டி ஏறுமா, இறங்குமா என்று என்னைக் கேட்காதே. ஏறினால் உன்னால் கட்ட முடியுமா என்று மட்டும் பார். நீ வாங்கப்போவது மாறும் வட்டிக் கடன். இன்றைய வட்டியோடு 2 சதவீதம் கூட்டி மாதத் தவணையைக் கணக்குப் போடு. அதையும் கட்டி, ஆறு மாதச் செலவுக்குப் பணம் தனியாகக் கையில் நிற்குமானால் தாராளமாக வாங்கு. நிற்காதென்றால் கொஞ்சம் சின்ன வீடாகப் பார். (சிரிக்காதே.)

எனக்குப் புரியாதது வேறொன்று. தங்கச்சி அந்தக் கணக்கியல் படிப்பில் சேர்வதையும் ஏன் இதே காரணம் சொல்லித் தள்ளிப்போடுகிறீர்கள்? பிடிக்காவிட்டால் பாதியில் விட்டுவிடலாம், போவது ஒரு தவணைக் கட்டணம். இருபது வருடக் கடனுக்குத் தலையைப் பிய்த்துக்கொள், நியாயம். திரும்பி வர வழியிருக்கிற காரியத்துக்கும் அதே யோசனையா? போர் முடிவதற்கும் அவர் பரீட்சை எழுதுவதற்கும் என்ன சம்பந்தம்?

வேலையை விடும் யோசனையை மட்டும் கடன் விஷயம் முடிகிறவரை எடுக்காதே. இரண்டையும் ஒரே வருடத்தில் செய்ய நான் சம்மதிக்க மாட்டேன்.

அடுத்த மாதம் அந்தப் பக்கம் வருகிறேன். வங்கி கொடுத்த காகிதங்களை எடுத்து வை, உட்கார்ந்து பார்ப்போம். படிப்பில் சேரக் கடைசித் தேதி என்ன என்று தங்கச்சியிடம் கேட்டு எழுது.

அன்புடன்,
உன் பழைய நண்பன்