சோடா வீட்டுக் காசு

நாகர்கோவில்
9.11.2023

மக்கா,

இங்கே எல்லாரும் சுகம். நம் கூட்டாளி சோடா செத்து, அவன் அடியந்திரத்துக்கு வந்து போனாயே, அதன்பிறகு உனக்கு ஒரு வரி எழுதவில்லை. ஒன்றரை வருடம். தப்பு என்னுடையதுதான். கோபத்தை நேரில் வந்து தீர்த்துக்கொள், பரோட்டாக் கணக்கும் பாக்கி கிடக்கிறது.

விஷயம் இதுதான். சோடா வேலையில் செத்ததற்கான இழப்பீட்டு உத்தரவு போன வாரம் வந்துவிட்டது.

நீ பஸ் ஏறிய மறுநாள் அவனுக்கு வேலை கொடுத்த காண்ட்ராக்டர் அவன் வீட்டுக்கு வந்தார். ஒரு கவரில் இரண்டு லட்சம், கூடவே முத்திரைத்தாள். சோடாவின் பெண்டாட்டி, நம் மைனி, கையெழுத்துப் போட வேண்டிய இடத்தில் பென்சிலால் பெருக்கல் குறி போட்டே கொண்டுவந்திருந்தார். அந்தக் குறியைப் பார்த்ததும் எனக்கு உடம்பு நடுங்கியது. மைனி பேனாவையும் எடுத்துவிட்டாள். நான்தான் பிடுங்கி வைத்தேன்.

பிறகு விசாரித்தால், சாவுக்கான இழப்பீட்டை முதலாளி குடும்பத்தின் கையில் கொடுத்தால் அது கொடுத்த கணக்கிலேயே வராதாம். 1923-ஆம் வருடச் சட்டமே அப்படித்தான் சொல்கிறது. தொழிலாளர் இழப்பீட்டு ஆணையரிடம் கட்ட வேண்டும், அவர்தான் பங்கு பிரித்துக் கொடுப்பார். மூன்று மாதச் சம்பளம் வரை முன்பணம் கொடுக்கலாம், அவ்வளவுதான். இது தெரியாமல் இந்த ஜில்லாவில் எத்தனை வீட்டில் அந்தப் பென்சில் குறி மேல் கையெழுத்து விழுந்திருக்கும்!

'அவன் என் ஆளே இல்லை' என்று காண்ட்ராக்டர் சாதித்தார். காப்பாற்றியது சோடாவின் நோட்டுதான். சிமென்ட் படிந்து தாள்கள் ஒட்டிக்கிடந்தன. ஒவ்வொரு சனிக்கிழமைக் கூலிக்கும் எதிரே காண்ட்ராக்டரின் சின்னக் கையெழுத்து. பள்ளிக்கூடத்தில் நோட்டே கொண்டுவராத பயல்!

கணக்கு எப்படித் தெரியுமா? மாதச் சம்பளத்தில் பாதியை வயதுக்குரிய எண்ணால் பெருக்க வேண்டும். அவன் கூலி அதிகம்தான், ஆனால் 15,000 ரூபாய்க்கு மேல் கணக்கில் எடுக்க மாட்டார்கள். நாற்பது வயதுக்கு எண் 184.17. ஆக 7,500 பெருக்கல் 184.17, 13,81,275 ரூபாய். ஈமச்செலவு தனி. ஒரு மாதத்துக்குள் கட்டாததால் 12 சதவீத வட்டியும் சேர்ந்தது. இரண்டு லட்சத்தோடு முடிந்திருக்கும், யோசித்துப் பார்.

மைனி, பிள்ளை, சோடாவின் அம்மை மூன்று பேருக்கும் பங்கு. பிள்ளையின் பங்கு அவளுக்கு 18 வயது ஆகும்வரை வங்கியில் டெபாசிட். மைனிக்கு அதில் கொஞ்சம் வருத்தம், ஆனால் எனக்கு அதுதான் நிம்மதி. யாரும் கேட்டு வாங்க முடியாத காசு அது ஒன்றுதான்.

இனிதான் என் கவலை. அவன் தம்பிக்குப் பங்கு இல்லை. வயது வந்த தம்பி சட்டப்படி அண்ணனைச் சார்ந்தவன் ஆக மாட்டான். அவனோ அம்மையின் பங்கை வாங்கிக் கடனை அடைக்கப் பார்க்கிறான். தினமும் சாயங்காலம் வந்து திண்ணையில் உட்கார்ந்துகொள்கிறான். அம்மை அவனுக்குச் சாயா போட்டுக் கொடுத்துவிட்டு அடுக்களைக்குள்ளேயே நிற்கிறாள். நேற்று என்னிடம், 'கொடுத்துவிட்டால் வீட்டில் சத்தம் இருக்காதுல்லா?' என்று கேட்டாள். எனக்குப் பதில் வரவில்லை.

அவன் கெட்டவன் இல்லை மக்கா, வட்டிக்காரன் நெருக்குகிறான். நான் சொன்னால் சண்டைக்கு வருவான். சின்ன வயதிலிருந்தே உன் பேச்சுக்கு மட்டும்தான் அடங்குவான். திங்கட்கிழமை அம்மைக்கு வங்கியில் கணக்குத் தொடங்கக் கூட்டிப் போகிறேன். அதற்கு முன்னால் அவனுக்கு ஒரு போன் போடு.

உன்
கூட்டாளி