மெல்லிய இசை தானாக ஒலிக்கவில்லை

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். போன ஞாயிறு உங்கள் இதழில் மட்டக்களப்பில் நடந்த ஆவணப்படத் திரையிடலைப் பற்றி ஒரு முழுப்பக்கக் கட்டுரை வந்திருந்தது. நன்றாகவே எழுதியிருந்தார்கள். இயக்குநர், ஒளிப்பதிவாளர், படத்தொகுப்பாளர், குரல் கொடுத்தவர், மண்டபம் தந்தவர்கள் என்று எல்லாருடைய பெயரும் இருந்தது. இசைக்கு மட்டும் “பின்னணியில் மெல்லிய இசை ஒலித்துக்கொண்டிருந்தது” என்று ஒரு வரி. அந்தப் படங்களில் ஒன்றுக்கு இசையமைத்தவன் நான். அந்த வரி இன்னும் மனதை விட்டுப் போகவில்லை, அதனால்தான் எழுதுகிறேன்.

அந்தப் படத்தில் ஒரு தாய் கடல் வந்த நாளைப் பற்றிப் பேசுகிறார். 2004 மார்கழி 26இல் கல்லடி, டச்பார், நாவலடி என்னவானது என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. இயக்குநர் அந்த இடத்தில் இணையத்தில் எடுத்த ஒரு வயலின் அழுகையைத் தற்காலிகமாகப் போட்டு வைத்திருந்தார், அதே மாதிரி ஒன்று செய்து தாருங்கள் என்றார். நான் மாட்டேன் என்றேன். அந்த அம்மாவுக்குத் தாழ்ந்த குரல், ஒவ்வொரு வசனத்துக்கும் நின்று மூச்செடுத்துத்தான் பேசுகிறார், அதன் மேலே வயலின் ஓடினால் அவர் சொல்வதே அமுங்கிப்போகும். அதனால் வயலினைத் தூக்கிவிட்டு, மத்தளத்தின் இடந்தலையை விரல் நுனியால் தொட்டெடுத்த ஒரு ஒலியை அவர் மூச்செடுக்கிற இடங்களில் மட்டும் வைத்தோம். பிள்ளையின் பெயரை அவர் சொல்லப்போகிற இடத்துக்குக் கொஞ்சம் முன்னாலேயே அதையும் நிறுத்திவிட்டோம். அந்தக் காட்சியில் மண்டபத்தில் ஒருவரும் அசையவில்லை என்று உங்கள் கட்டுரையாளரே எழுதியிருக்கிறார். அதில் எங்கள் வேலையும் இருக்கிறது ஐயா. எங்கே வாசிக்கக்கூடாது என்று முடிவெடுக்கத்தான் எனக்கு அதிக நாள் போனது.

இது இன்றைக்கு வந்த மனவருத்தமும் இல்லை. ஆவணப்படத்தில் இசை எப்போதும் கடைசி வேலை, ஆகவே காசும் கடைசிதான். படம் முடிந்துவிட்டது என்று சொல்லித்தான் தருவார்கள், இசை முடிந்த பிறகு பேட்டியில் பத்து செக்கன் வெட்டுவார்கள், தாளம் நடுவில் முறியும், திரும்ப முதலிலிருந்து செய்ய வேண்டும், காசு கேட்டால் பட்ஜெட் முடிந்துவிட்டது. சுனாமிக்குப் பிறகு என்.ஜி.ஓ.க்கள் நிறையப் படம் எடுத்த காலத்தில், ஒரு படத்துக்கு நான் செய்த இசையை இன்னொரு படத்திலும் போட்டிருந்தார்கள், என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. போய்க் கேட்டதற்கு “அதுதான் காசு தந்தோமே” என்றார்கள். 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டப்படி, பொருளாதார உரிமையைக் கைமாற்றிக் கொடுத்த பிறகும் பெயர் குறிக்கப்பட வேண்டும் என்ற உரிமை படைத்தவனிடமே இருக்கிறது. அதை எடுத்துச் சொன்னதற்கு என்னை வழக்குக்காரன் மாதிரிப் பார்த்தார்கள்.

என்னையாவது விடுங்கள். வாவிக்கு மேற்கே படுவான்கரையிலிருந்து ஒரு அண்ணாவியார், கூத்துப் பழக்குகிற வயதான மனுசன், மத்தளத்தைச் சாரத்தில் சுற்றிக்கொண்டு பஸ்ஸில் வந்தார். பகலில் ஹோர்ன் சத்தம் என்பதால் இரவில்தான் ஒலிப்பதிவு. மைக்கில் காற்றாடி கேட்கிறது என்று அதையும் நிறுத்திவிட்டோம். வேர்த்து ஊற்ற ஊற்ற, வடமோடிக் கூத்துத் தாளக்கட்டு ஒன்றை நான் சரி என்று சொல்லும்வரை திரும்பத் திரும்ப வாசித்தார். படம் முடிந்து எழுத்து ஓடியபோது “பாரம்பரிய இசை” என்று மட்டும் போட்டிருந்தார்கள். பாரம்பரியம் எழும்பி வந்து மத்தளம் அடிக்காது, ஒரு ஆள்தான் அடிக்க வேண்டும். அவர் இப்போது இல்லை, தன் பெயரை ஒரு திரையிலும் பார்க்காமலே போய்விட்டார். நான் எத்தனை நல்ல இசை செய்தாலும் இந்த ஒன்று எனக்கு ஆறாது.

வெளியே இப்படியில்லை என்பது உங்களுக்குத் தெரியும். 1934இல் பாசில் ரைட் நம்முடைய நாட்டைப் பற்றி எடுத்த ஆவணப்படத்துக்கு இசை வால்டர் லீ என்று சினிமா வரலாற்றில் இன்றைக்கும் பெயர் நிற்கிறது. ரொபேர்ட் ஃபிளஹர்ட்டியின் படம் ஒன்றுக்கு இசையமைத்த வேர்ஜில் தொம்சனுக்கு 1949இல் புலிட்சர் பரிசே கொடுத்தார்கள். காரைதீவில் பிறந்த விபுலானந்த அடிகள் பழந்தமிழ் இசையை ஆராய்ந்து ‘யாழ் நூல்’ தந்த மண் என்று மேடைக்கு மேடை பேசுகிற நாங்கள் இசை செய்கிறவனின் பெயரை எழுதத் தயங்குகிறோம்.

கல்லடியில் விபுலானந்தா அழகியற் கற்கைகள் நிறுவகத்தில் இசை படித்து முடித்த பிள்ளைகள் சிலர் என்னிடம் வருகிறார்கள். ஆசிரிய நியமனத்துக்குக் காத்திருக்கிறவர்கள். இந்தத் துறைக்கு வரலாமா சேர் என்று கேட்கிறார்கள். கெட்டிக்காரப் பிள்ளைகள், வரச்சொல்லத்தான் எனக்கும் ஆசை. ஆனால் எங்கள் ஊரில் இந்த வேலைக்குச் சான்றிதழ் கிடையாது, பத்திரிகையில் வந்த பெயரைக் காட்டித்தான் அடுத்த படத்தைப் பிடிக்க வேண்டும். அதுவும் வராவிட்டால் அவர்கள் எதைக் காட்டுவது?

நான் கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. இனிமேல் படங்களைப் பற்றி எழுதும்போது இயக்கம், ஒளிப்பதிவு, படத்தொகுப்பு என்று போடுகிற அந்தப் பெட்டியில் இசை என்றும் ஒரு வரி சேர்த்து, வாத்தியம் வாசித்தவர்களின் பெயரையும் போடுங்கள். போன ஞாயிறு விடுபட்ட பெயர்களைத் தனித்தாளில் இத்துடன் வைத்திருக்கிறேன். என் பெயருக்கு இடம் போதாவிட்டால் பரவாயில்லை, மத்தளம் வாசித்தவரின் பெயரை மட்டுமாவது அடுத்த இதழில் போட்டுவிடுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் நீண்டகால வாசகன்,
கல்லடி, மட்டக்களப்பு.