ஞாயிறு மாலை: கோட்டையூர் ஏ.கே. செட்டியார்

நண்பர்களே, வரும் ஞாயிறு மாலை 5 மணிக்கு வழக்கம்போலத் தல்லாகுளம் மொட்டை மாடியில் கூடுகிறோம். இந்த முறை ஏ.கே. செட்டியாரைப் பற்றிப் பேசுகிறோம். டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக்கலை படித்தவர். 1937-இல் கப்பலில் போகும்போது காந்தியைப் பற்றி ஆவணப்படம் எடுக்கத் தோன்றியிருக்கிறது. அப்புறம் நாடு நாடாக அலைந்து 50,000 அடி படச்சுருள் சேர்த்தார். பெரியார் பேருந்து நிலையத்திலிருந்து திருப்பரங்குன்றம் போய்த் திரும்புகிற தூரம் அது! 1940-இல் படம் தமிழில் வெளிவந்தபோது அவருக்கு முப்பது வயதுகூட ஆகவில்லை. நினைத்தாலே மலைப்பாக இருக்கிறது.

அவருடைய பயணக் கட்டுரை ஒன்றையும் சத்தமாக வாசிப்போம். அவர் நடத்திய ‘குமரி மலர்’ பத்திரிகையின் பழைய இதழ் வைத்திருப்பவர்கள் கட்டாயம் எடுத்து வாருங்கள். தாள் ஓரம் உதிரும், உறையில் போட்டே கொண்டு வாருங்கள். சுக்கு காபி உண்டு.