மெகாரக்னே சிலந்தி அன்று

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் இதழின் சிறுவர் அறிவியல் பக்கத்தில், உலகில் வாழ்ந்த சிலந்திகளிலேயே மிகப் பெரியது அர்ஜென்டினாவில் புதைபடிவமாகக் கிடைத்த மெகாரக்னே என்று எழுதப்பட்டிருந்தது. இருபது ஆண்டுகளுக்கு முன்பே கைவிடப்பட்ட கருத்து இது.

1980இல் தொல்லுயிரியலாளர் மரியோ ஹியூனிக்கன் அதை முதன்முதலாக விவரித்தபோது, கால்களை விரித்தால் அரை மீட்டர் அகலம் வரும் சிலந்தி என்றே கருதினார். சுமார் 30 கோடி ஆண்டுப் பழமையுள்ள அந்த மூலப் படிவம் வங்கிப் பெட்டகத்தில் இருந்ததால், பிற ஆய்வாளர்கள் அதன் வார்ப்பை மட்டுமே பார்த்துக் கருத்துச் சொல்ல வேண்டியிருந்தது. பின்னர் இரண்டாவது படிவம் ஒன்று கிடைக்கவே, பால் செல்டன் முதலியோர் அதை ஆராய்ந்து, இது கடல் தேள் எனப்படும், நீரில் வாழ்ந்து முற்றிலும் அழிந்துபோன யூரிப்டெரிட் வகை உயிரி என்று 2005இல் நிறுவினர். அந்த ஆய்வுக் கட்டுரையை எழுதியவர்களுள் ஹியூனிக்கனும் ஒருவர். தம் முடிவைத் தாமே திருத்திக்கொள்ளும் இந்த நேர்மையைச் சிறுவர்களுக்குச் சொல்லியிருந்தாலே அந்தப் பக்கம் சிறந்திருக்கும்.

மெகாரக்னே விலகிவிட்டால், அக்காலக் காற்றில் ஆக்சிஜன் மிகுந்திருந்ததால் சிலந்திகளும் பூதாகாரமாக வளர்ந்தன என்று கட்டுரை கூறும் விளக்கத்துக்குச் சான்றாக எதுவும் எஞ்சுவதில்லை. சீனாவின் உள் மங்கோலியாவில் கிடைத்த மங்கோலாரக்னே, புதைபடிவச் சிலந்திகளில் மிகப் பெரியவற்றுள் ஒன்று. அதன் உடல் நீளமோ ஏறத்தாழ இரண்டரை சென்டிமீட்டர்தான். மாறாக, தென் அமெரிக்க மழைக்காடுகளில் இன்றும் வாழும் கோலியாத் டரான்டுலா சுமார் 170 கிராம் எடை வரை வளர்கிறது. கால் விரிப்பை அளவுகோலாகக் கொண்டால், லாவோஸில் கண்டறியப்பட்டு 2001இல் விவரிக்கப்பட்ட ராட்சத வேட்டைச் சிலந்தி 30 சென்டிமீட்டரை எட்டுகிறது. எடையா, கால் விரிப்பா என்று சொல்லாமல் 'மிகப் பெரியது' என்று எழுதுவதில் பொருளில்லை.

தேள்களின் கதை வேறு. ஸ்காட்லாந்தில் புதைபடிவமாகக் கிடைத்த பல்மோனோஸ்கார்பியஸ் என்ற பழங்காலத் தேள் சுமார் 70 சென்டிமீட்டர் நீளம் இருந்ததாகக் கணிக்கப்படுகிறது. நம் பகுதியில் நட்டுவாக்காலி என்று அழைக்கப்படும் கருந்தேள்களின் கூட்டத்தில், தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் வாழும் ஓர் இனம் 20 சென்டிமீட்டரைத் தாண்டி வளர்ந்து, இன்றைய தேள்களில் மிகப் பெரியவற்றுள் ஒன்றாகத் திகழ்கிறது. சிலந்தி, தேள் முதலிய எண்காலிகளில் பழங்காலத்துப் பெரியவற்றைக் காட்ட விரும்பியிருந்தால், கட்டுரையாளர் பல்மோனோஸ்கார்பியஸையே எடுத்துக்கொண்டிருக்கலாம். அடுத்த இதழிலேயே திருத்தம் வெளியிடுவதோடு, இணையப் பதிப்பில் உள்ள அந்தச் சிலந்திப் படத்தையும் நீக்குமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
திருச்சிராப்பள்ளி