ஸ்ட்ராபெர்ரி விதை கேட்ட மகளுக்கு

தக்கலை,
ஆவணி மாதம்

மக்களே,

நீ கேட்ட விதை இதோடு சின்னக் கவரில் இருக்கிறது. தை மாதம் நாகர்கோவிலில் வாங்கிய பழத்தில் நன்றாகச் சிவந்ததாகப் பார்த்து, தோலை மேலாகச் சீவி நிழலில் உலர்த்தி எடுத்தது. பேரன் கையாலேயே விதைக்கட்டும். ஆனால் அதே பழம் காய்க்கும் என்று அவனிடம் சொல்லிவிடாதே. கடையில் கிடைக்கும் ஸ்ட்ராபெர்ரி, 1700களில் பிரான்சில் இரண்டு அமெரிக்க இனங்கள் கலந்து பிறந்த வம்சம். விதையில் வரும் செடி ஒவ்வொன்றும் ஒவ்வொரு குணமாக இருக்கும். அதே ருசிதான் வேண்டுமென்றால் தாய்ச்செடி விடும் ஓடுகொடியில் வேர்விட்ட நாற்று வாங்க வேண்டும். எனக்கு விதைச்செடிதான் பிடிக்கும், ஒவ்வொன்றும் புதுசு.

விதையை ஈர டிஷ்யூவில் சுற்றி, மூடியுள்ள டப்பாவில் போட்டு, பிரிட்ஜின் கீழ்த்தட்டில் 3 வாரம் வை. ஃப்ரீசரில் வேண்டாம். குளிர் பட்ட விதைதான் ஒழுங்காக முளைக்கும்.

அப்புறம் தேங்காய் நார்த்தூள். ஒரு பை கட்டி வைத்திருக்கிறேன், அப்பா பெங்களூரு பஸ்ஸில் ஏற்றிவிடுவார். மணக்குடிப் பக்கம் காயலில் ஊறப்போடும் கதம்பையில், அதாவது தேங்காய் மட்டையில், உப்பு நிற்கும், ஸ்ட்ராபெர்ரிக்கு உப்பு ஆகவே ஆகாது. நான் கழுவித்தான் காயவைத்தேன், இருந்தாலும் நீயும் நல்ல தண்ணீரில் இரண்டு மூன்று முறை அலசிப் பிழிந்து, கொஞ்சம் மண்புழு உரம் கலந்து ஒரு தட்டில் நிரப்பிக்கொள். விதையை மேலே தூவி விரலால் லேசாக அழுத்து, போதும். மண் போட்டு மூடாதே, முளைக்க வெளிச்சம் வேண்டும். தண்ணீரை ஊற்றாமல் தெளி. கீரை விதை மாதிரி மூன்றாம் நாளே எட்டிப்பார்க்காது. சில விதை ஒரு மாதம் தாண்டியும் முளைக்கும், அதற்குள் தட்டைக் கொட்டிவிடாதே.

மூன்று நல்ல இலை விட்டதும் தனித்தொட்டிக்கு மாற்று. இலைகள் கிளம்பும் குருத்து மண்ணுக்கு மேலேயே நிற்க வேண்டும். புதைந்தால் அழுகிவிடும், இதில் மட்டும் கவனமாக இரு.

இங்கே மார்கழியிலும் குளிர் பேருக்குத்தான். செடி பச்சையாக நிற்கும், பூக்கத் தயங்கும். உங்கள் ஊர்க் குளிர் அதற்குத் தோதானது, அதனால்தான் உன் பால்கனி மேல் எனக்கு இத்தனை ஆசை. காய் பிடித்தால் அடியில் வைக்கோல் பரப்பு, பழம் மண்ணில் படக்கூடாது.

விதைச்செடி காய்க்க அடுத்த வருஷம் ஆகலாம். அதைப் பையனிடம் இப்போதே சொல்லி வை. தொட்டி போதாவிட்டால் சொல், பின்வாசலில் நிறையக் கிடக்கிறது, அடுத்த பஸ்ஸில் அனுப்புகிறேன்.

அன்புடன்,
அம்மா