பசி தேடுவது சோற்றை

அன்புள்ள மகளுக்கு,

அம்மா எழுதுவது. அப்பாவும் நானும் நலம். சென்ற ஞாயிற்றுக்கிழமை தொலைபேசியில் பேசியபோது, பிறருக்காக யாரும் எதையும் செய்வதில்லை என்றும், சிறுவயதில் உனக்குக் காய்ச்சல் கண்ட இரவுகளில் நான் கண்விழித்ததுகூட என் மனநிறைவுக்காகத்தான் என்றும் சொன்னாய். நீ அதை விளையாட்டாகச் சொல்லவில்லை என்பது புரிந்ததால் அப்போது பேசாமல் இருந்துவிட்டேன். எழுதினால்தான் கோபம் கலக்காமல் சொல்ல முடியும் என்று தோன்றியது.

உனக்குப் பதில் சொல்லக்கூடியவர் நீ குடியிருக்கும் பிரிஸ்டல் நகரப் பேராலயத்திலேயே அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார். கல்லூரியில் ஆண்டுதோறும் நான் பாடம் நடத்திய ஜோசப் பட்லர் என்ற ஆங்கிலேயத் தத்துவவாதிதான் அவர். 1692-இல் வான்டேஜ் என்ற ஊரில் ஒரு துணி வணிகரின் மகனாகப் பிறந்து, லண்டனில் ரோல்ஸ் சிற்றாலயத்தில் பிரசங்கியாராக இருந்தவர். அங்கே நிகழ்த்திய பிரசங்கங்களில் பதினைந்தை 1726-இல் நூலாக்கினார். இரக்கம் என்பது நமக்கும் அந்தத் துன்பம் வந்துவிடுமோ என்ற அச்சமே என, அதற்கு முந்தைய நூற்றாண்டிலேயே ஹாப்ஸ் என்ற தத்துவவாதி எழுதியிருந்தார். நீ சொன்னது புதிதல்ல என்பதற்காகவே இதைக் குறிப்பிடுகிறேன்.

பதினோராவது பிரசங்கத்தில் பட்லர் காட்டும் வழி எளிமையானது. பசி தேடுவது சோற்றை. சோற்றினால் வரும் இன்பத்தை அல்ல. உண்டபின் நிறைவு வருகிறதென்றால், சோற்றின்மேல் நாட்டம் முன்பே இருந்ததனால்தான் வருகிறது. தன் இன்பம் ஒன்றைத் தவிர வேறெதிலும் நாட்டமில்லாத ஒருவன் இருந்தால், அந்த இன்பம் கிடைப்பதற்கான வாசலே அவனுக்கு இருக்காது. என் ஆசை என்னுடையது என்பதும், அது நிறைவேறினால் மகிழ்பவள் நான் என்பதும் உண்மைதான். ஆனால் அதனாலேயே அந்த ஆசை என்னைப் பற்றியதாகிவிடாது. விடியற்காலையில் உன் காய்ச்சல் இறங்கியபோது எனக்கு நிம்மதி வந்தது. உன் உடம்பு தேறவேண்டும் என்ற தவிப்பு அதற்கு முன்பே இல்லாதிருந்தால், இறங்கிய காய்ச்சலில் எனக்கு என்ன நிம்மதி இருந்திருக்கும்? என் மனநிறைவு மட்டுமே குறி என்றால், ஒரு தூக்க மாத்திரை போட்டுக்கொண்டு படுத்திருப்பேன்.

இதில் எனக்கு மிகவும் பிடித்தது வேறொன்று. மனிதர்கள் தங்கள் நலனை அளவுக்கு மீறிப் பார்க்கிறார்கள் என்று மற்றப் பிரசங்கிமார் புலம்பும்போது, அவர்கள் அதைப் போதிய அளவு பார்ப்பதில்லையே என்று வருந்தியவர் பட்லர். பகையாளியைக் கெடுப்பதற்காகத் தன் குடியையே கெடுத்துக்கொள்பவனை நம் ஊரிலும் பார்த்திருக்கிறோம். அவனைத் தன்னலக்காரன் என்று எப்படிச் சொல்வது?

கடவுளைப் பற்றியும் கேட்டாய். எல்லா அன்பும் தன்னலம்தான் என்றால், கடவுளை நேசிப்பதும் கூலிக்காக முதலாளியைப் புகழ்வதாகத்தான் முடியும். பட்லர் அதை மறுக்கிறார்: ஒரு நல்ல மனிதரைக் கண்டால் அவரால் நமக்கு ஆதாயம் உண்டா என்று கணக்கிடாமலே மனம் அவர்பால் போகிறதல்லவா, அந்த இயல்பே நிறைநன்மையான கடவுளிடத்தில் போய் நிற்கிறது என்கிறார். ஆனால் கடவுள் மொத்த இன்பத்தைக் கூட்டிப் பார்ப்பவர் மட்டுமே என்று நாம் முடிவுகட்டிவிடலாகாது என்பதிலும் அவர் உறுதியாக இருந்தார். பொய்யையும் வன்முறையையும் அநீதியையும், விளைவைக் கணக்கிடுவதற்கு முன்பே கண்டிக்கும் மனச்சாட்சியை நமக்குள் வைத்தவர் அவரே என்று 1736-இல் எழுதினார். அந்த மனச்சாட்சிக்கு அதிகாரம் இருக்கிறது, அதற்கேற்ற வலிமைதான் இல்லை என்பது அவருடைய துயரம்.

அவரையும் நான் முழுதாக ஏற்கவில்லை. 1738 முதல் 1750 வரை அவர் பேராயராக இருந்த உன் பிரிஸ்டல், அடிமை வணிகக் கப்பல்கள் புறப்பட்ட துறைமுகம். அடிமைகளை வெறும் கால்நடைகளாகவும் உடைமைகளாகவும் நடத்தலாகாது என்று 1739-இல் ஒரு பிரசங்கத்தில் சொன்னவர், அதே வாக்கியத்தில் அவர்களைத் தாழ்ந்த உறுப்பினர்கள் என்றும் சொன்னார். மனச்சாட்சியை அவ்வளவு உயரத்தில் வைத்தவர் அந்த இடத்தில் நின்றுவிட்டதை வகுப்பில் சொல்லும்போதெல்லாம் எனக்குக் குரல் இறங்கிவிடும்.

சந்தேகப்படுவதற்காக நீ என்னிடம் மன்னிப்புக் கேட்டாயே, அது தேவையில்லை. சாமுவேல் கிளார்க் என்ற பேரறிஞர் கடவுள் இருப்பதற்குத் தந்த நிரூபணத்தில் ஓட்டை இருப்பதாகத் தோன்றியபோது, இருபத்தொரு வயது மாணவரான பட்லர் 1713-இல் தன் பெயரை மறைத்து அவருக்குக் கடிதம் எழுதினார். தான் இன்னார் என்று தெரிந்துவிடக் கூடாதே என்று, நண்பர் செக்கர் அவற்றைக் குளோஸ்டர் அஞ்சலகத்துக்குக் கொண்டுபோய்ச் சேர்த்தார். உண்மையைத் தேடுவதே தன் வாழ்க்கையின் வேலை என்று அந்தப் பிள்ளை எழுதியிருந்தது. கிளார்க் கோபிக்கவில்லை, ஒவ்வொன்றுக்கும் பொறுமையாகப் பதில் எழுதி, பின்னர் அக்கடிதங்களைத் தன் நூலோடு சேர்த்தே அச்சிட்டார். நீ பெயரை மறைக்க வேண்டியதுகூட இல்லை.

பேராலயப் பக்கம் போனால் பட்லரின் கல்லறையை ஒரு படம் எடுத்து அனுப்பு. அதை எனக்காக அனுப்புகிறாயா, உன் மனநிறைவுக்காகவா என்ற விசாரணையை அடுத்த ஞாயிற்றுக்கிழமை வைத்துக்கொள்வோம்.

அன்புடன்,
அம்மா