செயலாளர் ஆண்டறிக்கை 2024–2025: கட்டாய ஓய்வும் ஓய்வூதிய உரிமையும்

தலைவர் அவர்களுக்கும், ராமேஸ்வரம், பாம்பன், மண்டபம், தேவிபட்டினம், தொண்டிப் பகுதிகளிலிருந்து வந்திருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

டிசம்பர் 17 ஓய்வூதியர் நாளும், நவம்பர் மாத வாழ்நாள் சான்று உதவியும் வழக்கம்போல் நடந்தன. இவ்வாண்டு சங்கத்தின் உழைப்பில் பெரும்பகுதி, ஒழுங்கு நடவடிக்கையில் கட்டாய ஓய்வு பெற்ற ரயில்வே, அஞ்சல் ஊழியர்களுக்கே சென்றது. அதைப் பற்றி விரிவாகச் சொல்ல வேண்டியிருக்கிறது.

கட்டாய ஓய்வு என்றாலே பென்ஷன் போய்விட்டது என்று குடும்பமே இடிந்துபோகிறது. அது தவறு. பணிநீக்கமோ டிஸ்மிஸோ ஆனால்தான் முந்தைய பணிக்காலம் பறிபோகும். கட்டாய ஓய்வில் பத்து ஆண்டு தகுதிப் பணி (ஓய்வூதியத்துக்குக் கணக்கில் சேரும் பணிக்காலம்) இருந்தால் ஓய்வூதியம் உண்டு. முழு ஓய்வூதியத்தில் மூன்றில் இரண்டு பங்குக்குக் குறையக் கூடாது. குறைந்தபட்ச ஓய்வூதியமான 9,000 ரூபாய்க்குக் கீழும் போகக் கூடாது. அஞ்சல் துறைக்கு மத்திய சிவில் ஓய்வூதிய விதிகள் பொருந்தும். ரயில்வேக்கு 1993ஆம் ஆண்டு விதிகளில் 64ஆவது விதி. 2004 ஜனவரி 1 முதல் சேர்ந்து புதிய ஓய்வூதியத் திட்டத்தில் இருப்பவர்களுக்கும், நம் கடலோரக் கிராமங்களின் கிளை அஞ்சலகங்களில் இருக்கும் கிராமிய டாக் சேவகர்களுக்கும் இவை பொருந்தா.

ஆணை கைக்கு வந்ததும் முதலில் பார்க்க வேண்டியது ‘மூன்றில் இரண்டு’ என்ற வரி இருக்கிறதா என்பதைத்தான். கட்டாய ஓய்வு ஒரு தண்டனை. அதற்குமேல் ஓய்வூதியத்தையும் பணிக்கொடையையும் (கிராஜுவிட்டி) குறைப்பது தனி முடிவு. அந்த வெட்டு தானாக வருவதல்ல, அதற்குத் தனிக் காரணம் கேட்கலாம். ஆணையில் விகிதமே இல்லையென்றால் உடனே எழுத்தில் விளக்கம் கேளுங்கள். வாய்மொழிப் பதிலை நம்பிக் காத்திருந்தால் கோப்பு நகராது.

அந்த ஒரு வரியின் விலை என்ன? 2025 தொடக்கத்தில் அடிப்படைச் சம்பளம் 60,000 ரூபாய், அகவிலைப்படி 55 சதவீதம், பணி 24 ஆண்டு 8 மாதம் என்று கொள்வோம். முழு ஓய்வூதியம் 30,000, வெட்டினால் 20,000. பணிக்கொடைக்கு 49 அரையாண்டுகள் கணக்கு (மீதி இரண்டு மாதம் கணக்கில் வராது, மூன்று மாதம் இருந்தால்தான் அரையாண்டாகும்). சம்பளமும் அகவிலைப்படியும் சேர்ந்த 93,000இல் கால்பங்கு 23,250. அதை 49ஆல் பெருக்க 11,39,250 ரூபாய். வெட்டினால் 7,59,500. இதோடு நிற்கவில்லை. அஞ்சல் ஊழியர்களுக்குரிய விடுப்பு விதிப்படி, ஓய்வூதியத்திலோ பணிக்கொடையிலோ வெட்டு இல்லாதவருக்குத்தான் ஈட்டிய விடுப்புச் சரண் பணம் (எடுக்காமல் சேர்ந்த விடுப்புக்கு ஈடான பணம்). 240 நாள் இருப்பு இருந்தால் அது 7,44,000 ரூபாய். இந்த இழப்பைப் பலர் கவனிப்பதே இல்லை.

மேல்முறையீட்டுக்கு ஆணை கிடைத்ததிலிருந்து 45 நாள். தன் பெயரிலேயே, மேல்முறையீட்டு அதிகாரிக்கு நேராக அனுப்பி, தண்டனை கொடுத்தவருக்கும் நகல் தர வேண்டும். தபால் உறையையும் தேதி முத்திரையையும் பத்திரமாக வையுங்கள், நாள் கணக்குக்கு அதுவே சாட்சி. ஓர் எச்சரிக்கை: மேல்முறையீட்டு அதிகாரிக்குத் தண்டனையைக் கூட்டவும் அதிகாரம் உண்டு, நோட்டீஸ் கொடுத்த பிறகு. கட்டாய ஓய்வு பணிநீக்கமாக மாறினால் இருப்பதும் போய்விடும். ஆகவே கோபத்தில் எழுதாமல், குற்றச்சாட்டு, விசாரணை அறிக்கை, தண்டனை என வரிசையாக எழுதுங்கள். அதன் பிறகும் குறை தீராவிட்டால் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வுக்குப் போகலாம், காலவரம்பு ஓராண்டு.

மேல்முறையீடு நடக்கும்போது ஓய்வூதியப் படிவத்தில் கையெழுத்துப் போட்டால் குற்றத்தை ஒப்புக்கொண்டதாகிவிடும் என்ற பயத்தில் படிவத்தையே தராமல் இருப்பவர்கள் உண்டு. தேவையில்லை. ‘மேல்முறையீட்டு உரிமைக்கு உட்பட்டு’ என்று தனிக் கடிதம் இணைத்துக் கொடுத்துவிடுங்கள்.

பணிப்பதிவேட்டில்தான் அதிகம் சிக்குகிறது. சஸ்பெண்ட் செய்யப்பட்ட காலம் தகுதிப் பணியாகும் என்று ஆணை சொல்லாவிட்டால், தண்டனை பெற்றவருக்கு அது கணக்கில் சேராது. பத்தாண்டை ஒட்டி நிற்பவருக்கு இதனாலேயே ஓய்வூதியம் தவறிப்போகலாம். அந்தப் பக்கத்தின் நகலை முன்கூட்டியே கேட்டு வாங்குங்கள்.

கம்யூட்டேஷன், அதாவது ஓய்வூதியத்தில் ஒரு பகுதியை மொத்தத் தொகையாக முன்கூட்டியே வாங்குவது, 40 சதவீதம் வரை உண்டு. ஆனால் கட்டாய ஓய்வில் போனவருக்கு மருத்துவப் பரிசோதனை கட்டாயம். பொது வருங்கால வைப்பு நிதியில் (ஜி.பி.எஃப்.) யாரும் கைவைக்க முடியாது. மேலே கணக்கில் உதாரணமாகச் சொன்னவர் இறந்தால் மனைவிக்குச் சாதாரண குடும்ப ஓய்வூதியம் கடைசிச் சம்பளத்தில் 30 சதவீதம், 18,000 ரூபாய். அதில் மூன்றில் இரண்டு என்ற வெட்டு கிடையாது. ஓய்வூதிய ஆணையில் மனைவியின் பெயரும் பிறந்த தேதியும் சரியாக ஏறியிருக்கிறதா என்று இன்றே பாருங்கள்.

பணிநீக்கம் செய்யப்பட்டவர்களும் மனம் தளர வேண்டாம். முழு ஓய்வூதியத்தில் மூன்றில் இரண்டு பங்குவரை கருணைப்படி கேட்கலாம். சுயலாபத்துக்காகச் செய்த மோசடி, ஒழுக்கக்கேடு போன்றவற்றையும் வெறும் ஆப்சென்ட் போன்ற தவறுகளையும் ஒரே தராசில் நிறுக்கக் கூடாது என்பதை மகிந்தர் தத் சர்மா வழக்கில் 2014இல் உச்ச நீதிமன்றம் விரிவாகவே ஆராய்ந்திருக்கிறது. மனுவில் அந்தத் தீர்ப்பைக் குறிப்பிடுங்கள்.

உதவி வேண்டுவோர் தண்டனை ஆணை, குற்றச்சாட்டுக் குறிப்பாணை, விசாரணை அறிக்கை, கடைசிச் சம்பளச் சீட்டு ஆகியவற்றின் நகல்களோடு வாருங்கள். வரவு செலவுக் கணக்கைப் பொருளாளர் அடுத்து வாசிப்பார்.

செயலாளர்